பவளத்திட்டில் கிடந்த அக்கா

"மூன்று பேர் போதும். மாலை ஐந்து மணிக்குள் திரும்பிவிட வேண்டும். தாமதித்தால், நீங்கள் ஏறுவதற்கு இங்கே கப்பல் இருக்குமா என்று என்னால் சொல்ல முடியாது," என்றார் கேப்டன் பரூச்சா.

காலை ஆறரை மணி. 'சூரியகலா'வின் மேல்தளத்தில் மாலுமிகள் கூடியிருந்தார்கள். கப்பலுக்குப் பின்னால் கூப்பிடு தூரத்தில் பவளத்திட்டின்மேல் அலை உடைந்து வெள்ளைக் கோடாக நீண்டு கிடந்தது. அந்தக் கோட்டைப் பார்க்காமலிருக்க எல்லோரும் ரொம்பப் பாடுபட்டார்கள்.

"நான் வாறேன் சாப்," என்று கூட்டத்தின் பின்னாலிருந்து ஒரு குரல் வந்தது.

எல்லோரும் திரும்பிப் பார்த்தார்கள். தூத்துக்குடி ரெமிஜியுஸ் மச்சாது! துறைமுகம் வந்தால்கூட இயந்திர அறையைவிட்டு மேலே வரச் சோம்பல்படுகிற ஆள். கப்பல் பாஷையில் தேல்வாலா, அதாவது இயந்திரத்துக்கு எண்ணெய் போடுகிறவர். வயது நாற்பத்தொன்று. பதினான்கு வருஷக் கப்பல் இது, அதில் பன்னிரண்டு வருஷம் அவருடையது. எந்தச் சாகசத்துக்கும் இதுவரை அவர் கையைத் தூக்கியதில்லை.

இப்போது ஏன் தூக்கினார் என்பது அவருக்கு மட்டும் தெரியும். அதைச் சொல்வதற்குமுன் கப்பலைப் பற்றிக் கொஞ்சம் சொல்லிவிட வேண்டும்.

சூரியகலாவை 1943-இல் இங்கிலாந்தில் அவசரம் அவசரமாகக் கட்டினார்கள். யுத்தத்தில் கப்பல்கள் மூழ்க மூழ்க, புதியவை வேண்டியிருந்தது. ஒரே வரைபடத்தை வைத்துக்கொண்டு ஒன்றன்பின் ஒன்றாக இறக்கினார்கள். அழகு பார்க்க நேரமில்லை. ஐந்து வருஷம் ஓடினால் போதும் என்று சொன்னார்களாம். அவள் அதைக் காதில் போட்டுக்கொள்ளவில்லை. கனடாவின் கோதுமையையும் பீரங்கி வண்டிகளையும் சுமந்து அட்லாண்டிக்கைத் தாண்டினாள். யுத்தம் முடிந்ததும் கைமாறி, பெயர் மாறி, நம் பக்கம் வந்து ரங்கூன் அரிசி, கல்கத்தா நிலக்கரி என்று ஏற்றி இறக்கிக்கொண்டிருந்தாள். பின்தளத்தில் பீரங்கி வைத்திருந்த வட்டமேடையில் இப்போது சமையற்காரர் மிளகாய் காயவைக்கிறார். இந்தத் தடவை ஏடனிலிருந்து கல்கத்தாவுக்கு உப்பு. உப்பு விளைகிற ஊரில் பிறந்தவர் அடுத்த ஊர் உப்பைச் சுமக்கிறாரே என்று ரெமியை எல்லோரும் கேலி செய்து ஓய்ந்துவிட்டார்கள்.

நான்கு நாளுக்கு முன்னால், மாலத்தீவுக் கூட்டத்தின் வடகோடியை நெருங்கும்போது, சூரியகலா நின்றுவிட்டாள். திரஸ்ட் பெட்டி போய்விட்டது. அது இயந்திர அறையின் பின்கோடியில் விசிறியைச் சுழற்றும் தண்டைச் சுற்றி உட்கார்ந்திருக்கும் இரும்புப் பெட்டி. விசிறி தண்ணீரைத் தள்ளுகிற விசையைக் கப்பல் வாங்கிக்கொள்வது அங்கேதான். உள்ளே ஆறு பேடுகள், அந்த அழுத்தத்தைத் தாங்கும் இரும்புத் தகடுகள். ஒவ்வொன்றும் முப்பது ராத்தல், முகத்தில் வெள்ளை உலோகம் பூசியது. அவை எண்ணெயில் மூழ்கியே கிடக்க வேண்டும். எண்ணெய் வடிந்துபோய் ஆறும் உருகிவிட்டன. கப்பல் மூன்று நாள் நீரோட்டத்தில் மிதந்து, கடைசியில் இந்தத் திட்டின் மேற்கு ஓரத்தில் நங்கூரம் கவ்விக்கொண்டது. பருவக்காற்று நாளை மேற்கிலிருந்து வீசத் தொடங்கும் என்று கொழும்பிலிருந்து கம்பியில்லாத் தந்தி வந்துவிட்டது. இழுவைப் படகு வர நான்கு நாளாகும். நாளை காற்று வந்தால் நங்கூரம் பிடுங்கிக்கொள்ளும், பின்னால் பவளம், கப்பலில் நாற்பத்திரண்டு உயிர்.

ஒரே ஒரு வழி இருந்தது. வடக்கே ஏழு மைலில், இதே திட்டின்மேல் ஒரு கப்பல் நான்கு வருஷமாகக் கிடக்கிறது. 'அனஸ்தாசியா' என்று கிரேக்கப் பெயர். ஆனால் பிறந்தது சூரியகலா பிறந்த அதே கட்டுந்தளத்தில், ஐந்து வாரம் முன்னதாக. கப்பல்காரர்கள் அவளை அக்கா என்றார்கள். அக்காவின் பேடு தங்கைக்குப் பொருந்தும்.

ரெமியின் கதை இதுதான். தேல்வாலாவின் வேலை, இருபது நிமிடத்துக்கு ஒருமுறை ஒவ்வொரு பேரிங்கின்மேலும் உள்ளங்கையை வைத்துப் பார்ப்பது. கை பொறுத்தால் நல்லது, பொறுக்காவிட்டால் ஆபத்து. ரெமியின் கையைத் தலைமை எஞ்ஜினியரான பெரிய சாபே நம்புவார். திரஸ்ட் பெட்டி இருக்கும் மூலை வெக்கையில் வேகும். அதனால் ரெமி ஒரு கோணிச்சாக்கைப் பெட்டியின்மேல் போட்டு, அதில் கடல்நீர்க் குழாயைத் திருப்பிவிட்டு, பக்கத்தில் உட்கார்ந்துகொள்வார். எட்டு வருஷப் பழக்கம். அன்று மதியம் அடியிலிருந்த திருகு தளர்ந்து எண்ணெய் வடிந்துகொண்டிருந்தது. ரெமி கையை வைத்துப் பார்த்தார். ஜில்லென்று இருந்தது. ஜில்லென்று இருந்தது சாக்கு. உள்ளே பெட்டி வெந்துகொண்டிருந்தது. எண்ணெய் மட்டம் பார்க்கிற கம்பியை அவர் எடுத்துப் பார்க்கவேயில்லை.

திருகு தளர்ந்ததால் வந்த விபத்து என்று எல்லோரும் முடிவுகட்டினார்கள். ரெமி சாக்கைச் சுருட்டிக் கடலில் எறிந்துவிட்டார். அதற்குப்பிறகு அவர் சரியாகத் தூங்கவில்லை, சோறும் இறங்கவில்லை.

இரண்டாவதாகக் கையைத் தூக்கியவர் மூன்றாம் எஞ்ஜினியர் ஆவுடையப்பன். திருநெல்வேலிக்காரர், இருபத்தேழு வயது. கப்பலில் 'தீன் சாப்', அதாவது மூன்றாம் சாப் என்பார்கள். மூன்றாவது, கீழக்கரை காதர் மீரான். தளத்து ஆட்களின் மேஸ்திரி, கப்பல் பாஷையில் டிண்டல். படகு ஓட்டுவதில் அவரை மிஞ்ச ஆளில்லை, அதை அவரே சொல்லுவார்.

பாய் விரித்த படகு ஏழு மணிக்குக் கிளம்பியது. திட்டில் ஓர் இடைவெளி வழியாக உள்ளே நுழைந்ததும் கடல் குளமாக மாறியது. கீழே பவளம் பச்சையும் ஊதாவுமாகத் தெரிந்தது. ரெமி எதையும் பார்க்கவில்லை.

"என்ன ரெமியண்ணே, கல்யாண வீட்டுக்குக் கடன்காரன் போற மாதிரி உக்காந்திருக்கீங்க?" என்றார் காதர் மீரான்.

"ஒண்ணுமில்ல. காத்தப் பாரும்."

"காத்து என் வேலை. நான் பாத்துக்கிறேன். நீங்க ஒங்க வேலையப் பாருங்க. ஒரு மணிக்குக் கடல் நல்லா வத்திரும். ரெண்டரைக்கு ஏத்தம் புடிக்கும். காத்து திரும்புனா நான் கப்பல் ஓரத்துல சுத்தியலால மூணு தட்டு தட்டுவேன். கேட்டா, கையில என்ன இருந்தாலும் போட்டுட்டு ஓடி வந்துரணும்."

அனஸ்தாசியா நெருங்க நெருங்க மூவரும் அவளையே பார்த்தார்கள். துருவேறிய சுவராக அவள் சாய்ந்து நின்றாள். அதே புகைபோக்கி, அதே நான்கு சரக்குத்தூக்கிக் கம்பங்கள், பின்தளத்தில் அதே வட்டமேடை. மிளகாய் மட்டும் இல்லை. தங்கள் கப்பலையே பிணமாகப் பார்த்ததுபோல் இருந்தது ரெமிக்கு.

கயிற்றை வீசி மேலே ஏறினார்கள். காதர் மீரான் படகிலேயே இருந்தார். ரெமிக்கு வழி சொல்ல யாரும் தேவைப்படவில்லை. இடதுபக்கம் திரும்பினால் சமையலறை, அதைத் தாண்டினால் இரும்புக் கதவு, கதவுக்குள் இயந்திர அறை ஏணி. கண்ணை மூடிக்கொண்டு நடக்கலாம்.

அங்கேதான் வினை வந்தது. சூரியகலாவின் மூன்றாவது ஏணியில் கீழிருந்து நான்காவது படி கிடையாது. பத்து வருஷத்துக்கு முன் உடைந்தது, இன்றுவரை மாற்றவில்லை. ரெமியின் கால் பழக்கத்தில் அந்தப் படியைத் தாண்டிக் கீழே எட்டியது. அக்காவுக்கோ எல்லாப் படியும் சரியாக இருந்தது. அந்த நல்ல படியில் முழங்கால் இடித்து, பிடி நழுவி, ரெமி இடுப்பளவுத் தண்ணீரில் தொப்பென்று விழுந்தார். தோளில் தொங்கிய பெரிய ஸ்பானர் கழன்று, இயந்திரத்தின் அடிக்குழியில் போய்ச் சேர்ந்தது.

"அண்ணாச்சி, அடி பட்டுச்சா?" என்று கேட்டுக்கொண்டே ஆவுடையப்பன் டார்ச்சை அடித்தார்.

"எனக்கு ஒண்ணுமில்ல சார். ஸ்பானர் போச்சு."

குழிக்குள் டார்ச் வெளிச்சம் எட்டவில்லை. சின்னச் சின்ன மீன்கள்தான் மின்னின. ஆவுடையப்பன் தலையில் கையை வைத்துக்கொண்டார். அந்த ஸ்பானர் இல்லாமல் திரஸ்ட் பெட்டியின் மூடியைத் திறக்க முடியாது. ஏழு மைல் திரும்பிப் போய் எடுத்து வரவும் நேரமில்லை.

ரெமி ஏணியைத் தொட்டுத் திசை பார்த்துக்கொண்டார். பிறகு இருட்டில் இடதுபுறம் நான்கடி நடந்து, தோள் உயரத்தில் சுவரைத் தடவினார். கையில் பலகை தட்டுப்பட்டது. பலகையில் வரிசையாக ஸ்பானர்கள், சின்னது முதல் பெரியது வரை. கடைசியில் தொங்கியதை எடுத்தார். துருவில் இரண்டு மடங்கு தடித்திருந்தது, ஆனால் அதே ஸ்பானர்!

"அக்கா பொருள இடம் மாத்தி வைக்கல சார்," என்றார். நான்கு நாளில் முதல்முறையாக அவர் முகத்தில் சிரிப்பு எட்டிப் பார்த்தது.

உபரிப் பேடுகள் இருக்கும் மரப்பெட்டி, பின்கோடிச் சுவரில் தண்டு போகும் குகைவழியின் கதவுக்குப் பக்கத்தில் இருக்க வேண்டும். இருந்தது. மூடியைக் கடப்பாரையால் நெம்பினார்கள். ஆறு குழிகளும் காலி. சூரியகலாவிலும் இதே கதைதான். ஐந்து வருஷத்துக்கு முன் உபரியை எடுத்துத் திரஸ்ட் பெட்டியில் பொருத்திவிட்டார்கள். புதிது கேட்டு எழுதியபோதெல்லாம் அடுத்த பயணத்தில் பார்க்கலாம் என்று பதில் வந்தது. அக்காவின் முதலாளியும் அதே ரகம்தான்.

"அப்ப போட்டிருக்கிறதக் கழத்த வேண்டியதுதான்," என்றார் ரெமி.

"நாலு வருஷம் உப்புத்தண்ணில கிடந்ததா? அரிச்சுப் போயிருக்குமே அண்ணாச்சி."

"தொறந்து பாப்போம் சார்."

மூடியில் எட்டு மரைகள். முதல் மரைக்குக் கால் மணி நேரம் ஆயிற்று. சுத்தியலால் தட்டி, மண்ணெண்ணெய் ஊற்றி, ஸ்பானரில் குழாயை மாட்டி இருவரும் தொங்கினார்கள். எட்டாவதை உளி வைத்து வெட்டினார்கள். மணி ஒன்றரை. மூடியைச் சேர்ந்து தள்ளினார்கள். அது நகர்ந்தது.

உள்ளே கறுப்பு எண்ணெய் தளதளவென்று நின்றது.

நான்கு வருஷமாகக் கடல் இந்த அறைக்குள் தினம் இரண்டுமுறை ஏறி இறங்கியிருக்கிறது. பெட்டிக்குள்ளும் கசிந்திருக்கிறது. ஆனால் கடல்நீர் அடியில் தங்க, எண்ணெய் மேலே மிதந்து, மேல்பாதியைப் போர்த்திக் காப்பாற்றியிருக்கிறது. ரெமி கையை விட்டு முதல் பேடை வெளியே எடுத்துச் சட்டையால் துடைத்தார். டார்ச் வெளிச்சத்தில் வெள்ளை உலோகம் பளபளவென்று மின்னியது. ஒரு கீறல் இல்லை. ஆவுடையப்பன் அதைக் கைக்குழந்தையை வாங்குவதுபோல் வாங்கிக்கொண்டார்.

இரண்டு, மூன்று, நான்கு. கோணிப்பையில் கட்டி, கயிற்றில் மேலே இழுத்துப் படகுக்கு இறக்கினார்கள். ஐந்தாவது எண்ணெய்க்கும் நீருக்கும் நடுவில் இருந்தது. ஓரம் அரித்திருந்தாலும் முகம் நன்றாக இருந்தது. அதையும் கட்டி அனுப்பினார்கள். ஆறாவது அடியில் உப்புநீருக்குள் கிடந்தது. ரெமி தோள்வரை கையை விட்டுத் தடவினார். சொரசொரவென்று குழி குழியாக இருந்தது.

டங், டங், டங். வெளியே சுத்தியல் மூன்றுமுறை ஒலித்தது.

"காத்து திரும்பிருச்சு. வாங்க அண்ணாச்சி."

"ஆறும் வேணும் சார். நீங்க ஏறுங்க, நான் எடுத்துட்டு வாறேன்."

"அஞ்சு போதும். ஆறாவதுக்கு நம்ம உருகினதுல நல்லதா ஒண்ணப் பாத்துச் சொரண்டிப் போட்டுக்கலாம். மெதுவா ஓட்டினா தாங்கும். வாங்க."

"தாங்கலேன்னா?" ரெமி கையை வெளியே எடுக்கவில்லை. தண்ணீர் இடுப்பைத் தாண்டி ஏறிக்கொண்டிருந்தது. "நாப்பத்திரண்டு பேரு சார். என்னாலதான் எல்லாம். எண்ணெய்க் கம்பிய நான் எடுத்தே பாக்கல. சாக்கத் தொட்டுட்டு ஜில்லுன்னு இருக்குன்னு சொல்லிட்டேன். கை சொன்னத நம்பிட்டேன். நான் பண்ணுன காரியத்துக்கு நானே கெடந்து சாகுதேன், நீங்க போங்க."

கப்பலின் உடல் முனகியது. ஓர் அலை வெளிப்புறம் மோதி, தளத்திலிருந்து துருச் செதில்கள் உதிர்ந்தன. ஆவுடையப்பன் ஏணியிலிருந்து திரும்பி இறங்கி வந்து ரெமியின் தோளைப் பிடித்தார்.

"அன்னிக்கு அது என்னோட வாட்ச், என் டூட்டி நேரம். ஞாபகம் இருக்கா? எண்ணெய் மட்டம் சரின்னு லாக் புத்தகத்துல எழுதினது நான். நானும் கம்பியப் பாக்கல. நீங்க சொன்னீங்கன்னு கையெழுத்துப் போட்டேன். நாலு நாளா உங்க மூஞ்சிய நான் ஏன் நேரா பாக்கலைன்னு நெனச்சீங்க? ஒண்ணா வந்தோம், ஒண்ணாப் போய் ஒண்ணாவே சொல்லுவோம். வாங்க."

ரெமி அவரைப் பார்த்தார். பிறகு கையை வெளியே எடுத்தார். இருவரும் ஏணியில் ஏறும்போது அவர் அந்த நான்காவது படியில் காலை நிதானமாக வைத்தார்.

திரும்பும் வழியில் உள்கடல் குளமாக இல்லை. காற்று பக்கவாட்டில் அறைய, படகு சாய்ந்தபடி பறந்தது. திட்டின் இடைவெளிக்கு வந்தபோது அலைகள் உள்நோக்கி உருண்டு வந்தன. பாயைச் சுருட்டிவிட்டுத் துடுப்புப் போட்டார்கள். முதல் அலையைத் தாண்டினார்கள். இரண்டாவது அலை படகுக்குள்ளேயே இறங்கியது.

"பாரம் கூடிப்போச்சு. எதையாச்சும் எறியுங்க," என்றார் காதர் மீரான்.

மற்ற இருவரும் பைகளைப் பார்த்தார்கள்.

"அதை இல்லை. அதுக்குத்தானே வந்தோம். பாய்மரத்த எறியுங்க, தண்ணிப் பீப்பாயை எறியுங்க. என் வெத்தலைப் பெட்டியையும் எறியுங்க. அல்லாஹ் வேற தருவான்."

எல்லாம் போயிற்று. மூன்றாவது அலை வருவதற்கும் படகு எழும்புவதற்கும் ஒரு நொடிதான் இடைவெளி. உள்ளங்கை தோலுரியத் துடுப்புப் போட்டு வெளிக்கடலுக்கு வந்தார்கள். ஐந்துக்குப் பத்து நிமிடம் இருக்கையில் சூரியகலாவிலிருந்து கயிறு விழுந்தது. மேல்தளத்தில் எழுந்த கூச்சலில் காற்றின் சத்தமே கேட்கவில்லை.

பெரிய சாப் மொஹந்தி, தலைமை எஞ்ஜினியர், பேடுகளை ஒவ்வொன்றாகத் தடவிப் பார்த்தார். உடனே வேலையைத் தொடங்கினார். ஆறாவதற்கு உருகிய பழசில் ஒன்றைத் தேர்ந்தெடுத்துச் சுரண்ட உட்கார்ந்தார். ரெமியும் ஆவுடையப்பனும் அவர் எதிரே நின்று, சாக்கிலிருந்து கையெழுத்துவரை எதையும் விடாமல் சொன்னார்கள்.

பெரிய சாப் சுரண்டுவதை நிறுத்தவில்லை. "அந்தச் சாக்கை எட்டு வருஷமாக நானும்தான் பார்க்கிறேன்," என்றார் இந்துஸ்தானியில். "நான் வந்தால் நானும் அதன் பக்கத்தில்தான் உட்காருவேன், குளுகுளுவென்று இருக்கும். எடு என்று ஒருநாளாவது சொன்னேனா? கேப்டனிடம் மூவருமாகச் சொல்லுவோம். இப்போது அரத்தை எடு. இந்த ஓரம் இன்னும் இறங்க வேண்டும்."

விடியும்போது ஆறும் உள்ளே உட்கார்ந்துவிட்டன. காற்று ஊளையிட்டது. நங்கூரம் இரண்டுமுறை நழுவி இரண்டுமுறை கவ்வியது. மூன்றாவது முறை கவ்வவில்லை. அந்த நேரத்தில் கேப்டனின் மணி இயந்திர அறையில் அடித்தது. கட்டளை காட்டும் வட்டத்தட்டின் முள் 'முன்னே, முழு வேகம்' என்ற இடத்தில் நின்றது.

"முழு வேகமாம். நிமிடத்துக்கு நாற்பது சுற்றுக்குமேல் ஒன்றுகூடத் தரமாட்டேன்," என்று முணுமுணுத்துக்கொண்டு பெரிய சாப் ஆவியைத் திறந்தார்.

தண்டு மெல்லச் சுழன்றது. ரெமி பெட்டிக்குப் பக்கத்தில் முழங்காலிட்டு, நிமிடத்துக்கு ஒருமுறை எண்ணெய்க் கம்பியை எடுத்துப் பார்த்தார். பத்து நிமிடம், இருபது நிமிடம். கப்பல் போகிறதா, பவளத்தில் ஏறுகிறதா என்று கீழே இருப்பவர்களுக்குத் தெரியாது. தலைக்குமேல் அலை இடித்தது. நாற்பதாவது நிமிடத்தில் மேலிருந்து பேசுகுழாய் வழியாகக் குரல் வந்தது. திட்டைவிட்டு ஒன்றரை மைல் விலகிவிட்டோம் என்றது.

ரெமி அப்படியே தரையில் உட்கார்ந்து சுவரில் சாய்ந்தார்.

"சொல்லிட்டோம்லா சார். இன்னிக்குத் தூக்கம் வரும்," என்றார் ஆவுடையப்பனிடம்.

"எனக்கும் வரும் அண்ணாச்சி. ஆனா முறை வச்சுத் தூங்குவோம்."

ஒரு மணி நேரம் கழித்து, கப்பலின் ஊதல் திடீரென்று அலறியது. நீளமாக ஒன்று, நீளமாக இரண்டு, நீளமாக மூன்று. அழுத்தமானியின் முள் சரிந்தது. பெரிய சாப் பாய்ந்துபோய்க் குழாயில் வாயை வைத்தார்.

"இருக்கிற ஆவியே பிச்சைக்காரன் சோறு மாதிரி இருக்கிறது. கண்ணுக்கெட்டிய தூரம்வரை ஒரு கப்பல் கிடையாது. யாருக்கு இந்த மரியாதை?"

"இருக்கிறாள்," என்றது கேப்டனின் குரல். "வலப்புறம், திட்டின்மேல். இப்போதுதான் அவளைக் கடக்கிறோம்."

பெரிய சாப் அழுத்தமானியைத் திரும்பிப் பார்த்தார். ரெமி எழுந்து நின்று தலைத்துண்டைக் கழற்றினார், ஆவுடையப்பனும் எழுந்தார்.

"சரி," என்றார் பெரிய சாப் குழாயில். "இன்னொரு தடவை ஊதுங்கள். ஆவி நான் தருகிறேன்."